கேமராவுக்குத் தன்மை விகுதி உண்டா?

‘வந்தேன்’ என்று எழுதிவிட்டால் தமிழில் வேலை முடிந்தது. ‘நான்’ என்று தனியாகச் சொல்லத் தேவையில்லை. ‘ஏன்’ என்ற விகுதிக்குள்ளேயே ஆள் உட்கார்ந்திருக்கிறார். வந்தவரும் அதைச் சொல்பவரும் ஒருவரே என்பதற்கு அந்த ஒரு விகுதி போதும். இப்போது கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு உங்கள் வீட்டுக்குள் நுழையுங்கள். பதிவில் என்ன இருக்கும்? வாசல்படி, நடை, சுவரில் தினசரிக் காலண்டர், திரும்பிப் பார்க்கும் பூனை. வந்தவரைக் காணோம். வந்தது நீங்களா, உங்கள் தம்பியா, காசுக்கு வந்த கல்யாண வீடியோக்காரரா என்று படம் சொல்லாது. சரி, கேமராவை முக்காலியில் நிறுத்திவிட்டு அதன் முன்னால் நடந்து வாருங்கள். ஆள் தெரிகிறார். ஆனால் இப்போது படம் சொல்வது ‘வந்தார்’ என்றுதான்.

தன்னையே பொருளாக வைத்து எடுக்கப்பட்ட சோதனை ஆவணப்படங்களின் வரலாறு பெரும்பாலும் இந்த இலக்கணச் சிக்கலோடு மல்லுக்கட்டிய வரலாறு. ஓவியருக்கு இந்தத் தொல்லை இல்லை. ரெம்பிராண்ட் கண்ணாடி பார்த்துத் தன் முகத்தை வாழ்நாளெல்லாம் வரைந்துகொண்டிருந்தார். மூக்கின் மேல் விழுந்த வண்ணத் தீற்றலும் அவர் கையெழுத்துதான். யார் பிடித்தாலும் எதிரில் உள்ளதை உள்ளபடி எடுக்கும் என்பது கேமராவின் பெருமை. சுயசரிதை என்று வரும்போது அந்தப் பெருமையே இடைஞ்சலாகிறது.

இதைக் கோட்பாடாகவே சொன்னவர் எலிசபெத் ப்ரஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர். அதற்கு முன்னால், 1975-ல், பிரெஞ்சுக்காரரான ஃபிலிப் லெஜன் சுயசரிதைக்கு ஒரு வரையறை தந்திருந்தார்: நூலின் அட்டையில் உள்ள பெயர், கதை சொல்பவர், கதைக்குள் வாழ்பவர் மூவரும் ஒருவரே என்று எழுதுபவர் வாசகரோடு செய்துகொள்ளும் ஒப்பந்தம் அது. 1980-ல் எழுதிய கட்டுரையில் ப்ரஸ், சினிமாவில் அந்த ஒப்பந்தம் செல்லாது என்றார். பார்ப்பவரும் பார்க்கப்படுபவரும் அங்கே பிரிந்துபோகிறார்கள். எழுத்தில் ‘நான்’ இரண்டையும் கட்டிவைப்பதுபோலக் கட்டிவைக்கப் படத்திடம் கயிறு இல்லை. ஆகவே சினிமா வளர வளரச் சுயசரிதை என்ற வடிவமே கரைந்துபோகக்கூடும் என்பது அவர் அச்சம்.

ப்ரஸ் கண்ட சிக்கல் உண்மையானது என்றே நினைக்கிறேன். அச்சம்தான் பலிக்கவில்லை. விகுதி இல்லை என்று தெரிந்த பிறகு கை, குரல், கடிதம், அம்மா என்று கிடைத்ததையெல்லாம் விகுதியாக ஒட்டிப் பார்த்தார்கள் படமெடுத்தவர்கள். இந்த வகையில் இன்றும் நிற்கிற படங்கள், ஒட்டிய இடம் தெரியும்படி விட்ட படங்கள்தான்.

ஜோனஸ் மேகாஸிலிருந்து தொடங்கலாம். லித்துவேனியாவின் செமெனிஷ்கியாய் என்ற சிற்றூரில் 1922-ல் பிறந்தவர். போரின்போது ஜெர்மனியின் எல்ம்ஸ்ஹார்னில் கட்டாய உழைப்பு முகாம், அதன்பின் அகதி முகாம்கள், 1949-ல் தம்பி அடால்ஃபாஸோடு நியூயார்க். வந்த கொஞ்ச நாளிலேயே கடன் வாங்கி ஒரு போலெக்ஸ் கேமரா வாங்கினார்கள். 16 மி.மீ. கருவி. பழைய சுவர்க்கடிகாரத்துக்குச் சாவி கொடுப்பதுபோல முறுக்க வேண்டும். முழுதாக முறுக்கினால் ஏறத்தாழ 28 விநாடி ஓடும்; பிறகு மறுபடி முறுக்க வேண்டும். பேச்சு பதியாது.

இந்தக் குறைகள்தான் மேகாஸின் நடையைத் தீர்மானித்தன. திட்டமிட்டு எடுக்க அவருக்கு நேரமும் இல்லை, பணமும் இல்லை. வேலைக்குப் போகிற வழியில், நண்பர் வீட்டு மேசையில், பூங்காவின் பனியில் நாலு ஃபிரேம், பத்து ஃபிரேம் என்று பொத்தானைத் தட்டித் தட்டி எடுத்தார். ‘வால்டன்’ (1969) திரையில் துடித்துக்கொண்டே இருப்பது அதனால்தான். கிளை, முகம், கோப்பை, மறுபடி கிளை. எதையும் நின்று பார்க்க விடாது. முதலில் கண் வலிக்கும். அரை மணி கழித்து அது ஒருவருடைய மூச்சிரைப்பு என்று பிடிபடும். தொழில்முறை ஒளிப்பதிவாளர் வெட்டி எறிகிற நடுக்கம் இங்கே கையெழுத்தாகிவிடுகிறது.

ஆனால் கை மட்டும் போதவில்லை. அவர் குரலையும் ஒட்டினார். ‘லாஸ்ட் லாஸ்ட் லாஸ்ட்’ 1976-ல் வெளிவந்தது. அதிலுள்ள காட்சிகள் 1949-க்கும் 1963-க்கும் இடையில் எடுத்தவை. எடுத்தவர் வேலை தேடி அலையும் அகதி இளைஞர். பேசுபவர் ஐம்பதைக் கடந்தவர், லித்துவேனிய வாசம் போகாத ஆங்கிலத்தில், இழுத்து இழுத்து. அந்த இளைஞனை அவர் சில இடங்களில் யாரோ தூரத்து உறவுக்காரனைப் பற்றிப் பேசுவதுபோலப் பேசுகிறார். ‘வந்தேன்’ என்ற சொல் வந்தவனுக்கும் சொல்பவனுக்கும் நடுவில் உள்ள வருடங்களை மறைத்துவிடும். இந்தப் படம் மறைப்பதில்லை. படம் ஒரு வயதில், குரல் ஒரு வயதில்.

1971-ல், சோவியத் ஆட்சியின் கீழிருந்த சொந்த ஊருக்குக் கால் நூற்றாண்டுக்குப் பிறகு போகிறார். அடுத்த ஆண்டு வந்த ‘ரெமினிசன்சஸ் ஆஃப் எ ஜர்னி டு லித்துவேனியா’வின் நடுப்பகுதி முழுவதும் எண் போட்ட துண்டுகள். வீட்டுக்கு வெளியே நெருப்பு மூட்டிச் சமைக்கும் அம்மா, கிணறு, வயலில் சகோதரர்கள். அம்மா நிற்கும் இடத்துக்கு வரும்போது மட்டும் அந்தப் படபடப்புக் கேமரா கொஞ்சம் தணிகிறது. மேகாஸும் அவ்வப்போது ஃபிரேமுக்குள் வருகிறார்; அப்போது கேமரா வேறு யார் கையிலோ. யார் எடுத்தது என்று படம் சொல்வதில்லை. ப்ரஸ் காட்டிய விரிசல் அங்கே அப்படியே திறந்து கிடக்கிறது.

இன்னொரு விரிசலையும் சொல்லாமல் போவது நேர்மையாகாது. ஜெர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தில் இளைஞரான மேகாஸ் வேலை பார்த்த உள்ளூர்ப் பத்திரிகைகளில் யூத வெறுப்புப் பிரசாரமும் வெளிவந்தது என்று வரலாற்றாய்வாளர் மைக்கேல் காஸ்பர் 2018-ல் எழுதினார். அந்தப் பிரசாரத்தை மேகாஸ் எழுதினார் என்பது குற்றச்சாட்டு அல்ல. அந்த ஆண்டுகளை அவர் சொன்ன விதத்தில் பலது விடுபட்டிருக்கிறது என்பதுதான். மறு ஆண்டு ஜனவரியில் மேகாஸ் இறந்தார். அதன்பிறகு அந்தப் படங்களைப் பார்க்கையில், 28 விநாடிக்கு ஒருமுறை நின்றுபோகும் அந்தக் கேமரா வேறு மாதிரித் தெரிகிறது. துண்டுகளாகச் சொல்பவருக்குத் துண்டுகளுக்கு நடுவே இடம் கிடைக்கிறது. தன்கதை ஆவணப்படத்தை ஆவணமாகப் பார்க்கும் எவரும் தாண்டிப் போக முடியாத இடம் இது.

அனியேஸ் வர்தாவிடம் வருவோம். 2000-ஆம் ஆண்டில் வந்த அவர் படத்தை உலகம் ‘தி கிளீனர்ஸ் அண்ட் ஐ’ என்று அறியும். ஆனால் பிரெஞ்சுத் தலைப்பில் ‘நான்’ கிடையாது. ‘பொறுக்குபவர்களும் பொறுக்குபவளும்’ என்பதுதான் அதன் பொருள். தன்னைப் படர்க்கையில், பெண்பால் ஒருமையில் வைத்துக்கொண்டார் வர்தா. ஆங்கிலத்தில் பெயர் வைத்தவர்கள் அவசரப்பட்டு ‘நான்’ ஆக்கிவிட்டார்கள். நம்மூரில் அறுவடை முடிந்த வயலில் சிந்திய கதிர் பொறுக்குவதும், கடலைக்காட்டில் மண்ணுக்குள் தங்கிவிட்ட காயைக் கிளறி எடுப்பதும் ஏழைப் பெண்களின் பாடு. பிரான்சிலும் அப்படித்தான், மில்லே 1857-ல் வரைந்த ஓவியத்தில் குனிந்து நிற்பவர்கள் அவர்கள். அதே வேலை இன்று எங்கே நடக்கிறது என்று தேடி உருளைக்கிழங்கு வயல், ஆப்பிள் தோட்டம், சந்தை கலைந்த தெரு என்று சுற்றுகிறார் வர்தா. கூடவே தானும் ஒரு பொறுக்குபவள்தான், தான் பொறுக்குவது பிம்பங்கள் என்கிறார்.

அப்போது அவருக்கு வயது எழுபதைக் கடந்துவிட்டது. கையில் அடங்கும் சிறிய டிஜிட்டல் கேமரா புதிதாகக் கிடைத்திருக்கிறது. ஜப்பான் போய்வந்து பெட்டியைப் பிரிக்கிறார். ரெம்பிராண்ட் ஓவியங்களின் அஞ்சலட்டைகள். ஓர் அட்டையின் மேல் தன் கையை வைத்து, மற்றக் கையால் படமெடுக்கிறார். கேமரா நெருங்குகிறது, நெருங்க நெருங்க அது கையாக இல்லை. சுருக்கம், நரம்பு, பழுப்புப் புள்ளிகள், ஏதோ விலங்கின் தோல்போல. அவருக்கே திகிலாக இருக்கிறது. ஒரு கை இன்னொரு கையை எடுக்கிறது என்ற இந்த எளிய ஏற்பாடு, பார்ப்பவரும் பார்க்கப்படுபவரும் ஒரே உடம்பு என்பதைக் கண்ணால் காட்டுகிறது. ப்ரஸ்ஸுக்கு இதைவிட நல்ல பதில் யாரும் கொடுத்ததாகத் தெரியவில்லை. நெடுஞ்சாலையில் காரில் போகும்போது அதே கையின் விரல்களை வளையமாக்கி, கடந்துபோகும் லாரிகளைக் குழந்தைபோலப் பிடித்துப் பிடித்து விடுகிறார்.

அதே படத்தில் ஒரு தவறும் இருக்கிறது. கேமராவை நிறுத்த மறந்து நடக்கிறார். தொங்கும் லென்ஸ் மூடி தரையின் பின்னணியில் ஆடிக்கொண்டே வருகிறது. எந்தப் படத்தொகுப்பாளரும் தூக்கிப் போடுவது. வர்தா அதற்கு ஜாஸ் இசை போட்டு ‘மூடியின் நடனம்’ ஆக்கிவிட்டார். படத்தில் அவர் முகம் தெரியும் பல காட்சிகளைவிட, அவர் இருப்பதே தெரியாமல் இருந்த இந்தச் சில விநாடிகள்தான் எனக்கு அவருடைய தன்னுருவமாகப் படுகின்றன.

கருவி சிறுக்கச் சிறுக்க இந்த வகை பெருகியது என்பது உண்மைதான், ஆனால் பாதி உண்மை. 1987-ல் ஃபிஷர்-பிரைஸ் பொம்மை நிறுவனம் குழந்தைகளுக்காக ஒரு கேமரா விற்றது. சாதாரணப் பாட்டுக் கேசட்டில் பதிவாகும். கறுப்பு வெள்ளை, புள்ளி புள்ளியாகப் பிம்பம். சோதனைப் படக்காரரான ஜேம்ஸ் பென்னிங் அதைத் தன் பதினைந்து வயதுப் பிள்ளை சேடி பென்னிங்குக்குக் கொடுத்தார். மில்வாக்கி நகரத்து வீட்டில், அறைக் கதவைச் சாத்திக்கொண்டு, தன் ஒருபால் விருப்பத்தைப் பற்றி சேடி அதன் முன் பேசினார். அந்தக் கருவி மிக அருகில் உள்ளதைத்தான் ஓரளவாவது காட்டும். ஆகவே முழு முகம் கிடைப்பது அரிது; ஒரு கண், உதட்டின் பாதி, கையால் எழுதிய தாளில் நகரும் சொற்கள். பொம்மைக் கேமராவின் ஏழ்மை, பதின்வயதின் கூச்சத்துக்குத் திரைச்சீலையாக அமைந்தது. இன்று எல்லார் கையிலும் அதைவிட ஆயிரம் மடங்கு நல்ல கேமரா இருக்கிறது. தினமும் தன்னைத் தானே எடுத்து யூடியூபில் ஏற்றுகிறவர்களும் ஏராளம். அங்கே ‘நான்’ என்பதில் யாருக்கும் சந்தேகமே வருவதில்லை. அதனால்தான் அந்தப் பதிவுகளை இந்தக் கட்டுரைக்குள் கொண்டுவர முடியவில்லை.

சந்தேகத்தின் உச்சம் சூ ஃப்ரீட்ரிக்கின் ‘சிங்க் ஆர் ஸ்விம்’ (1990). மானிடவியலும் மொழியியலும் கற்பித்த பேராசிரியரான அப்பா, மகளின் சிறு வயதிலேயே குடும்பத்தை விட்டுப் போனவர். மகள் அவரைப் பற்றிப் படமெடுக்கிறார். எடுக்க முடியவில்லை. ‘நான்’, ‘என் அப்பா’ என்று எழுதினால் கோபமும் தன்னிரக்கமும் பொங்கி எழுத்தைக் கெடுக்கின்றன. அவர் கண்ட வழி, தன்மையைக் கைவிட்டுப் படர்க்கைக்குப் போவது. படத்தில் வருவது ‘அந்தச் சிறுமி’. வாசிப்பதும் ஒரு சிறுமியின் குரல். ஆங்கில நெடுங்கணக்கைத் தலைகீழாக்கி, கடைசி எழுத்திலிருந்து முதல் எழுத்து வரை 26 துண்டுகள். தலைப்பில் உள்ள சம்பவம் இது: அப்பா நீச்சல் சொல்லித்தருகிறார். எப்படிக் கை வீசுவது, எப்படி மூச்சு விடுவது என்று விளக்குகிறார். பிறகு குளத்தின் ஆழமான பக்கத்தில் தூக்கிப் போடுகிறார். குரல் இதை ஏற்ற இறக்கமில்லாமல், பள்ளிக்கூடத்தில் பாடம் வாசிப்பதுபோல வாசிக்கிறது. அழுகை நம் பக்கம் வந்துவிடுகிறது.

ஓர் இடத்தில் மட்டும் படர்க்கை உடைகிறது. தட்டச்சு இயந்திரத்தின் சத்தம். கறுப்புத் தாளில் வெள்ளை எழுத்துகள், நெகட்டிவ் பிம்பத்தில், ஒவ்வொன்றாக விழுகின்றன. அப்பாவுக்கு ஒரு கடிதம். கதை சொல்லும் குரல் இல்லை. எழுதுபவர் தயங்கும்போது சத்தமும் நிற்கிறது. படம் முழுக்க ஒளித்துவைத்த ‘நான்’ வாய் திறக்காமல் விரல் நுனியில் வெளியே வருகிறது.

இல்லாத ‘நான்’களைச் செய்துகாட்டியவர்களும் உண்டு. ஜிம் மெக்பிரைடின் ‘டேவிட் ஹோல்ஸ்மன்ஸ் டைரி’ (1967) ஓர் இளைஞனின் படநாட்குறிப்பு என்று நம்பவைத்து, கடைசிப் பெயர்ப்பட்டியலில் அவன் ஒரு நடிகர் என்று போட்டுடைக்கிறது. வகை முழுதாகப் பிறக்கும் முன்பே அதன் பகடி பிறந்துவிட்டது. சாரா பாலியின் ‘ஸ்டோரீஸ் வி டெல்’ (2012) பழைய குடும்பப் படச்சுருள்களைக் காட்டுகிறது. அவற்றில் பல நடிகர்களை வைத்து எடுத்தவை என்பது பிற்பாடுதான் தெரியும். பாயல் கபாடியாவின் ‘எ நைட் ஆஃப் நோயிங் நத்திங்’ (2021) புனே திரைப்படக் கல்லூரி விடுதியில் கிடைத்த காதல் கடிதங்கள் என்று தொடங்கும். எழுதியவள் பெயர் ‘எல்’ என்ற ஒற்றை எழுத்து. அவள் கற்பனை, படத்தில் வரும் மாணவர் மீதான போலீஸ் தடியடி உண்மை. தனிக்கதையைப் பொய்யாக்கிப் பொதுக்கதையின் உண்மையைக் கனக்கச் செய்த அந்தத் துணிச்சலுக்குக் கான் விழாவில் சிறந்த ஆவணப்பட விருது கிடைத்தது.

தன் கதையை யாரும் தனியாகச் சொல்ல முடியாது. உ.வே.சா.வின் ‘என் சரித்திரம்’ 1940 முதல் ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது, அதில் பாதி அவருடைய ஆசிரியர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் சரித்திரமாக இருந்தது. படங்களில் அந்த இடத்துக்கு வருபவர்கள் அம்மாவும் அப்பாவும். அவர்களிடம் சம்மதம் கேட்டார்களா என்பது இந்த வகையின் தீராத வழக்கு. ஆலன் பெர்லினரின் ‘நோபடீஸ் பிசினஸ்’ (1996) அதையே படமாக்கியது. தன் வாழ்க்கையில் சொல்ல ஒன்றுமில்லை, இதை யார் பார்ப்பார்கள் என்று அப்பா படம் முழுக்கச் சண்டை போடுகிறார். மகன் நடுவில் குத்துச்சண்டைக் காட்சிகளைச் சொருகுகிறார். மறுப்பையும் படத்துக்குள் வைத்ததால் அது நியாயமாக இருக்கிறது. ஜொனாதன் கவுட்டின் ‘டார்னேஷன்’ (2003) பற்றி அப்படிச் சொல்ல என்னால் முடியவில்லை. வீட்டுக் கணினியிலேயே தொகுத்த படம். தயாரிப்புச் செலவு 218 டாலர் சொச்சம் என்று அப்போது பேசப்பட்டது. பதினொரு வயதில் கேமரா முன் அடிபட்ட மனைவியாக நடிக்கும் சிறுவன் கவுட்டை மறக்க முடியாது. ஆனால் மனநல சிகிச்சையின் அதிர்ச்சிகளால் சிதைந்த அம்மா, கையில் சின்னப் பூசணிக்காயோடு பாடிச் சிரிக்கும் காட்சி போய்க்கொண்டே இருக்கிறது. மகனுக்கு அது துக்கம். அம்மாவுக்கு அது என்ன என்று சொல்ல அங்கே அவருக்கு வழியில்லை.

‘நான்’ என்று தொடங்கும் படம் பெரும்பாலும் பன்மையில் போய் முடிகிறது. இங்கே தமிழிடம் ஒரு கூர்மை இருக்கிறது: ‘நாம்’ என்றால் கேட்பவரும் உள்ளே, ‘நாங்கள்’ என்றால் அவர் வெளியே. மார்லன் ரிக்ஸின் ‘டங்ஸ் அன்டைட்’ (1989) ‘நாங்கள்’ படம். கறுப்பின ஒருபால் ஈர்ப்பு ஆண்களின் குரல்கள் அடுக்கடுக்காக ஒலிக்க, ரிக்ஸ் தன் முகத்தையும் அவற்றின் நடுவே வைத்தார். அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானபோது பெரும் கூச்சல் எழுந்தது. 1992 அதிபர் தேர்தலுக்கு வேட்பாளராக முயன்ற பேட் புக்கனன் அதன் துண்டுகளைப் பிரசார விளம்பரத்துக்கே எடுத்துக்கொண்டார்.

யூட் ரட்ணத்தின் ‘டீமன்ஸ் இன் பாரடைஸ்’ (2017) இதைவிடச் சிக்கலான பன்மை. 1983 ஜூலையில் ஐந்து வயதுப் பிள்ளையாகக் கொழும்பிலிருந்து வடக்கே ரயிலில் தப்பியவர் அவர். அந்த ரயிலிலிருந்து படம் தொடங்கி, கனடாவிலிருந்து திரும்பி வரும் பழைய போராளியான மாமாவோடு நடக்கிறது. சிங்களக் காடையர் செய்ததைப் பற்றிப் பேசும்வரை தமிழ்ப் பார்வையாளருக்கு அது ‘நாம்’. தமிழ் இயக்கங்கள் ஒன்றையொன்று கொன்றதைப் பேசத் தொடங்கியதும் பலருக்கு அந்தச் சொல் கசந்தது. கான் விழாவில் காட்டப்பட்ட படம், 2018-ல் யாழ்ப்பாணத்துத் திரைப்பட விழாவில் எதிர்ப்புக்குப் பிறகு காட்டப்படவில்லை. யார் ‘நாம்’ என்று முடிவு செய்ய ஓர் ஆளின் தன்கதைக்கு எவ்வளவு உரிமை என்ற கேள்வி அங்கே வெறும் கோட்பாடாக இல்லை.

தமிழ்நாட்டில் இந்த வழியில் நெடுநாளாக நடப்பவர் ஆர்.வி. ரமணி. அவர் ‘மை கேமரா அண்ட் சுனாமி’ (2011) 2004 டிசம்பர் 26 அலையில் அழிந்த தன் கேமராவின் நினைவாக எடுத்தது. பார்த்தவன் பிழைத்தான், பார்த்த கண் போய்விட்டது. ப்ரஸ்கூட இப்படியொரு பிரிவை நினைத்துப் பார்த்திருக்கமாட்டார். ஊருக்காகவே கேமரா தூக்கிய ஆனந்த் பட்வர்தனும் 2023-ல் தன் பெற்றோரிடம் வந்து சேர்ந்தார். ‘வசுதைவ குடும்பகம்’ படத்தில் சுதந்திரப் போராட்ட வரலாறு சாப்பாட்டு மேசையில், மூப்பின் மறதிக்கு நடுவே, கிண்டலோடு வருகிறது.

பிம்பத்தையே விட்டுவிட்டு எதிர்த்திசையில் எல்லைவரை போனவர் டெரிக் ஜார்மன். எய்ட்ஸ் நோயால் பார்வை மங்கிக்கொண்டிருந்தபோது 1993-ல் ‘ப்ளூ’ எடுத்தார். 79 நிமிடமும் திரையில் ஒரே நீலம். மருத்துவமனை வரிசை, கண்ணில் விடும் சொட்டு மருந்து, இறந்த நண்பர்கள் எல்லாம் குரலில். அந்த ‘நான்’ ஒரே குரலும் அல்ல. ஜார்மனோடு இன்னும் மூவர் பேசுகிறார்கள். அடுத்த பிப்ரவரியில் அவர் இறந்தார்.

ஷான்டால் ஆகர்மன் இருபத்தொரு வயதில் பிரஸ்ஸல்ஸிலிருந்து நியூயார்க்குக்குப் போனவர். அம்மா கடிதம் எழுதிக்கொண்டே இருந்தார்: ஏன் பதில் இல்லை, உடம்பு எப்படி, யாருக்குக் கல்யாணம், கடையில் வியாபாரம் எப்படி. ‘நியூஸ் ஃப்ரம் ஹோம்’ (1977) படத்தில் அந்தக் கடிதங்களை மகளே வாசிக்கிறார். திரையில் தெருக்கள், சுரங்க ரயில் நடைமேடை. மகளும் இல்லை, அம்மாவும் இல்லை. ரயில் வரும்போது அதன் இரைச்சலில் வாசிப்பு மூழ்கிவிடுகிறது. அம்மா என்ன எழுதினார் என்று நமக்கும் கேட்காது. மகள் பதில் எழுதாததை இதைவிடத் துல்லியமாக எப்படிச் சொல்ல முடியும்? கடைசியில் படகிலிருந்து மன்ஹாட்டன் பின்வாங்கிப் பனிமூட்டத்தில் கரையும் நீண்ட ஷாட்.

ஏறத்தாழ நாற்பது ஆண்டு கழித்து ‘நோ ஹோம் மூவி’ (2015). ஆஷ்விட்ஸ் முகாமிலிருந்து மீண்ட அந்த அம்மா, இப்போது பிரஸ்ஸல்ஸ் அடுக்குமாடி வீட்டில், சமையலறை மேசையில். இந்த முறை பதில் எழுத வேண்டிய மகள் அருகிலேயே இருக்கிறாள். ஊரில் இல்லாத நாள்களில் ஸ்கைப். கதவிடுக்கிலும் நடையின் மூலையிலும் கேமரா வைக்கப்பட்டிருக்கிறது, சில சமயம் மறந்துபோய் வைத்ததுபோல. அம்மா ஃபிரேமுக்குள் வருகிறார், போகிறார், இருமுகிறார், நாற்காலியில் தூங்குகிறார். 2014-ல் அவர் இறந்தார். படம் வெளியான ஆண்டின் அக்டோபரில் மகளும் இறந்தார். முடிவுக்குச் சற்று முன்னால் ஆகர்மன் ஓர் அறையில் கட்டிலில் உட்கார்ந்து ஷூ நாடாவைக் கட்டுகிறார், எழுந்து திரையை இழுத்துச் சாத்துகிறார், ஃபிரேமை விட்டு வெளியே போகிறார். அடுத்து அம்மாவின் வீடு. ஆளில்லாத, வெளிச்சம் குறைந்த அந்த வீட்டைக் கேமரா பார்த்துக்கொண்டிருக்கிறது.